உபயம் இல்லாத சாய்தளம்

வெள்ளானூர்
14.7.2025

அன்புள்ள சுலோசனாவுக்கு,

இங்கு நான் நலம். அங்கு நீயும் ரோஷினியும் மாப்பிள்ளையும் நலமாக இருப்பீர்கள் என்று நம்புகிறேன்.

இன்று காலை தபால்காரர் ஒரு நீளமான உறை கொண்டுவந்தார். நம் குடியிருப்போர் நலச் சங்கத்துக்கு வந்தது. செயலாளர் என்ற முறையில் நான்தான் கையெழுத்துப் போட்டு வாங்கினேன். மாற்றுத்திறனாளிகள் நல ஆணையர் அலுவலகத்திலிருந்து நோட்டீஸ். கட்டட வாசலில் சாய்தளம் அமைக்கவில்லை என்று புகார் வந்திருக்கிறதாம், சங்கம் விளக்கம் தர வேண்டுமாம். எதிர்மனுதாரர்: செயலாளர். மனுதாரர்: திருமதி ஜெ. சுலோசனா. வேறு யாரோ சுலோசனா என்றுதான் முதலில் நினைத்தேன். பிறகு விலாசத்தைப் பார்த்தால் அண்ணனூர் ரயில்வே குடியிருப்பு, நம் பெண்ணின் வீட்டு எண்.

முப்பத்து நான்கு வருடம் அரசாங்கத்தில் வேலை பார்த்தேன். கண்காணிப்பாளராக ஓய்வு பெற்ற நாள் வரை என் பெயரில் ஒரு மெமோ கிடையாது. பணிநிறைவு விழாவில் அதை அவர்கள் மேடையில் சொன்னபோது நீ முன்வரிசையில் உட்கார்ந்து கேட்டாய். இப்போது இந்த வயதில் முதல் நோட்டீஸ், அதுவும் கட்டிய மனைவி கொடுத்த புகாரின் பேரில்.

உனக்கு நான் என்ன குறை வைத்தேன், சொல். சர்க்கரைப் புண்ணில் உன் காலை எடுத்ததிலிருந்து ஒரு வேளை மாத்திரை தவறியிருக்கிறதா? லிஃப்டுக்கு முன்னால் ஆறு படி இருப்பது நான் கட்டியதில்லை. மழைத் தண்ணீர் உள்ளே வராமல் இருக்க பில்டர் உயர்த்திக் கட்டினார். அந்த ஆறு படியில் உன்னைச் சக்கர நாற்காலியோடு தூக்கி இறக்க நான்கு பையன்களைப் பிடித்தேன். மூன்றாம் மாடி வினோத் ஐடி கம்பெனியில் எவ்வளவு பெரிய வேலையில் இருக்கிறான், அவனே தோள் கொடுக்கிறான். எந்த நாள் யார் முறை என்று பட்டியல் போட்டு அறிவிப்புப் பலகையில் ஒட்டினேன். இப்படி நல்ல மனசு உள்ளவர்கள் எந்த அபார்ட்மெண்டில் கிடைப்பார்கள்? தலைவர் ராகவன் என்னைப் பார்த்து, "என்ன சார், வீட்டுச் சண்டையை கவர்மெண்ட் வரைக்கும் கொண்டு போயிட்டீங்களே" என்று கேட்டார்.

போனில் பேசினால் நான் குரலை உயர்த்துவேன், நீ வைத்துவிடுவாய். அதனால் எழுதுகிறேன்.

பொன்னியம்மா வந்து சமைத்து வைத்துவிட்டுப் போகிறாள். பெருங்காயம் கொஞ்சம் தாராளமாக விழுகிறது. கீழே உள்ள நம் தபால் பெட்டியின் சாவி எது என்று தெரியவில்லை, அது உன் இலாகா. பெட்டி நிரம்பி வாய் பிளந்து நிற்கிறது.

இப்படிக்கு,
உன் கணவனும் எதிர்மனுதாரருமான
ஜெயராமன்


அண்ணனூர்
18.7.2025

அன்புள்ள ரோஷினி அப்பாவுக்கு,

உங்கள் கடிதம் ஸ்பீட் போஸ்டில் வந்து சேர்ந்தது. பக்கத்து ஊருக்கு இப்படி அனுப்பிய முதல் ஆள் நீங்கள்தான் என்று தபால்காரர் சிரித்துவிட்டுப் போனார். இங்கு எல்லோரும் நலம். மாப்பிள்ளை நிர்மலுக்கு ரயில் ஷெட்டில் இந்த வாரம் இரவு வேலை.

தபால் பெட்டிச் சாவி சாமி அலமாரி ஆணியில் தொங்குகிறது. சின்னது, சிவப்பு நூல் கட்டியது. வருடக்கணக்காக அந்த ஆணியைப் பார்த்துத்தான் கும்பிடுகிறீர்கள்.

எனக்கு என்ன குறை என்று கேட்டிருக்கிறீர்கள். மாத்திரையில் குறை இல்லை. மனசிலும் உங்களிடம் குறை இல்லை. வாசலில்தான் குறை.

அன்று நடந்ததை நீங்கள் முழுதாகக் கேட்கவே இல்லை, அதனால் எழுதுகிறேன். ஆஸ்பத்திரியில் காட்டிவிட்டு ஆட்டோவில் வந்து இறங்கினேன். உங்கள் பட்டியல்படி வினோத் முறை. அவனுக்குத் திடீரென்று ஆபீசில் கூப்பிட்டுவிட்டார்கள், பாவம், அவன் மேல் தப்பு இல்லை. மற்ற மூன்று பேரும் ஊரில் இல்லை. நீங்கள் பேங்குக்குப் போயிருந்தீர்கள், போனை வீட்டில் வைத்துவிட்டு. வாட்ச்மேன் துலுக்கானம் குடலிறக்க ஆபரேஷன் ஆனவன், அவனைத் தூக்கச் சொல்ல முடியுமா? பார்சல் வைக்கும் அலமாரி பக்கத்தில் என்னை நிழலில் தள்ளி நிறுத்தினான். ஒரு மணி நேரத்துக்கு மேல் அங்கேயே இருந்தேன். பார்சல் கொண்டுவந்த ஒருவர் என் மடியில் ஒரு பெட்டியை வைத்து, "நாலாவது மாடிக்கு, கொடுத்துடுங்கம்மா" என்று சொல்லிவிட்டுப் போனார்.

எனக்கு அவசரமாகப் பாத்ரூம் போக வேண்டியிருந்தது. அதை யாரிடம் சொல்வது? வினோத்துக்கு மெசேஜ் போடவா? துலுக்கானத்திடம் சொல்லவா? அடக்கிக்கொண்டு உட்கார்ந்திருந்தேன். கடைசியில் அடக்க முடியவில்லை. நீங்கள் வந்தீர்கள். "ஃபேனைப் போடச் சொல்லியிருக்கலாமே" என்றீர்கள். புடவை நனைந்திருந்ததை நீங்கள் பார்க்கவில்லை, நான் பையால் மறைத்துக்கொண்டேன். எனக்கு எவ்வளவு அவமானமாக இருந்தது என்று உங்களுக்குத் தெரியாது. அதனால்தான் மேலே வராமல் ரோஷினியை வரச் சொல்லி அப்படியே இங்கு வந்துவிட்டேன்.

சாய்தளம் வேண்டும் என்று இதற்கு முன் எத்தனை தடவை வாயால் சொன்னேன்? எழுத்துப்பூர்வமாகக் கொடு, கமிட்டியில் வைக்கிறேன் என்றீர்கள். கொடுத்தேன். "பரிசீலனையில் உள்ளது" என்று எனக்கே பதில் எழுதி, சாப்பாட்டு மேஜையில் வைத்தீர்கள். கீழே நடக்கவில்லை என்றால் மேலே எழுத வேண்டும், எழுதாமல் புலம்பக் கூடாது என்று ஆபீஸ்காரர்களுக்கு நீங்கள் சொல்லாத நாள் உண்டா? நான் உங்கள் பேச்சைக் கேட்டு நடந்த மனைவி. சட்டம் இருக்கிறது, அதற்கு ஓர் அலுவலகம் இருக்கிறது, எழுதினேன்.

டெலிபோன் எக்சேஞ்சில் வேலை பார்த்த காலமெல்லாம் ஊரையே பேசவைத்தவள் நான். என் வீட்டுக்காரர் மட்டும் போனில் "ம்" என்று சொல்லி வைத்துவிடுவார். கடிதத்தில் எவ்வளவு பேசுகிறீர்கள். இந்த ஒரு லாபத்துக்காகவே நோட்டீஸ் அனுப்பியிருக்கலாம் போலிருக்கிறது.

பெருங்காயத்தைப் பொன்னியம்மாவிடம் நீங்களே சொல்லுங்கள். அவளுக்கு இதற்கு நோட்டீஸ் தேவைப்படாது.

அன்புடன்,
சுலோ


வெள்ளானூர்
27.7.2025

அன்புள்ள சுலோவுக்கு,

உன் கடிதத்தை இரண்டு தடவை படித்தேன். புடவை விஷயம் எனக்குத் தெரியாது. தெரிந்திருந்தால் ஃபேன் பேச்சு பேசியிருக்க மாட்டேன். அதற்கு மேல் அதைப் பற்றி எழுத எனக்கு வரவில்லை.

சாவி கிடைத்தது. பெட்டியில் மின்சார வாரியத்தின் காகிதம், ஒரு கல்யாணப் பத்திரிகை, பல் ஆஸ்பத்திரி விளம்பரம் ஆகியவை இருந்தன. கல்யாணம் முடிந்துவிட்டது.

சங்கக் கமிட்டி கூடியது. ராகவன் கோபமாக இருக்கிறார். முறையாக ஒரு சாய்தளம் போட்டால் அவருடைய கார் நிற்கும் இடத்தில் கொஞ்சம் போகும். "தனியார் கட்டடம் சார், ஒரே ஒருத்தருக்காக மொத்த பிளாக்கையும் இடிக்க முடியுமா" என்கிறார். நீ புகாரைத் திரும்பப் பெற்றால், சங்கமே தன் விருப்பத்தில் ஏதாவது பார்த்துச் செய்யும் என்று பேசி முடித்திருக்கிறோம். இது நல்ல சமரசம் என்று எனக்குப் படுகிறது. யாருக்கும் மனக்கசப்பு இல்லாமல் போகும். ஆடிப் பெருக்குக்கு நீ வீட்டில் இருக்கலாம். கலந்த சாதம் என்றால் உன் கை புளியோதரைதான், பொன்னியம்மாவிடம் அதைக் கேட்க எனக்குத் தைரியம் இல்லை.

உன் பதிலை எதிர்பார்க்கும்,
ஜெயராமன்


அண்ணனூர்
30.7.2025

அன்புள்ள ரோஷினி அப்பாவுக்கு,

"ஏதாவது பார்த்து" என்பதற்கு என்ன அளவு, எத்தனை நாள்? உங்கள் ஆபீசில் இப்படி எழுதிய பைலை நீங்கள் கையெழுத்துப் போடாமல் திருப்பி அனுப்பியிருப்பீர்கள். நானும் திருப்பி அனுப்புகிறேன். புகாரை வாபஸ் வாங்க மாட்டேன்.

கோபத்தில் எழுதுவதாக நினைக்காதீர்கள். எனக்கு நம் வீட்டுக்கு வர ஆசையாக இருக்கிறது. என் கட்டில், என் ஜன்னல், மிக்சி போடும் சத்தத்தில் நீங்கள் பேப்பர் படித்துக் காட்டுவது, எல்லாம் வேண்டும். ஆனால் அங்கே வந்தால் நான் கீழே இறங்க முந்தின நாளே நான்கு பேரிடம் அனுமதி கேட்க வேண்டும். தெரு முனையில் பூ வாங்க வேண்டுமென்றால் கூட. வினோத் மூச்சு வாங்கிக்கொண்டே, "பரவாயில்லை ஆன்ட்டி" என்பான். பரவாயில்லை என்று ஒருவர் சொல்லும்போதெல்லாம் எனக்கு உடம்பு கூசுகிறது.

இங்கு தரைத்தள வீடு. வாசலில் நிர்மல் ஒரு சரிவுப் பலகை போட்டுக் கொடுத்திருக்கிறார். தினமும் காலையில் நானே சக்கரத்தைத் தள்ளிக்கொண்டு வேப்பமரம் வரை போய்வருகிறேன். கை நன்றாக உரம் ஏறிவிட்டது. என் பழைய ரவிக்கை எல்லாம் தோளில் பிடிக்கிறது, ரோஷினி சிரிக்கிறாள்.

புளியோதரைப் பொடியைப் பொன்னியம்மாவிடம் கொடுத்தனுப்புகிறேன். அவள் வந்திருந்தாள். "சார் ஒரு மாரி கீறாரும்மா. சோத்த வெச்சா பேப்பர பாத்துகினே துன்றாரு, உப்பு இருக்குதா இல்லியானு கூட கேக்கல" என்றாள். ஆகஸ்ட் பன்னிரண்டாம் தேதி ஆணையர் அலுவலகத்தில் விசாரணை என்று எனக்கும் தாள் வந்திருக்கிறது, அன்று வேளைக்குச் சாப்பிட்டுவிட்டு வாருங்கள்.

அன்புடன்,
சுலோ


அண்ணனூர்
13.8.2025

அன்புள்ள ரோஷினி அப்பாவுக்கு,

நேற்று விசாரணையில் நாம் இருவரும் நேருக்கு நேர் உட்கார்ந்திருந்தும் ஒரு வார்த்தை பேசவில்லை. அதனால் நான் பேச நினைத்ததை எழுதுகிறேன்.

அதிகாரி கிருஷ்ணப்பிரியா பெயர் கூப்பிட்டபோது, "எதிர்மனுதாரர் மனுதாரருக்கு என்ன வேண்டும்?" என்று கேட்டார் பாருங்கள். நீங்கள் எழுந்து நின்று, "கணவர், மேடம்" என்று சொன்ன குரலைக் கேட்டு எனக்குச் சிரிப்பை அடக்க முடியவில்லை. பெண் பார்க்க வந்த அன்று உத்தியோகம் என்ன என்று என் அப்பா கேட்டதற்கும் இதே குரலில்தான் பதில் சொன்னீர்கள்.

ராகவன் பேசினார். ஒரே ஒருத்தருக்காக என்றார். "ஒரே ஒருத்தர்தான் கேட்டிருக்கிறார் சார். வெளியே வர முடியாததால் கேட்காமல் இருப்பவர்களை நீங்கள் எண்ணிப் பார்த்தீர்களா?" என்று அந்த அம்மா நிதானமாகக் கேட்டார். தனியார் கட்டடம் என்றதற்குச் சட்டப் பிரிவை வாசித்துக் காட்டினார். சத்தமே போடவில்லை. எனக்காக ஓர் அரசாங்க மேஜை இப்படிப் பேசும் என்று நான் எதிர்பார்க்கவில்லை. போகும்போது பயந்துகொண்டுதான் போனேன்.

இரண்டு மாதத்துக்குள் விதிப்படி சாய்தளம், ஓர் அடி உயரத்துக்குப் பன்னிரண்டு அடி நீளம், இரண்டு பக்கமும் கைப்பிடி, பிறகு நேரில் வந்து ஆய்வு என்று ஆணை. உங்கள் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தேன். அவர் சொல்லச் சொல்ல நீங்கள் ஒரு வார்த்தை விடாமல் குறித்துக்கொண்டீர்கள், கீழே கோடு போட்டு.

மதியம் வராந்தாவில் எனக்குத் தயிர் சாத டப்பாவைத் திறந்து கொடுத்தீர்கள். ஸ்பூன் கூட மறக்காமல் எடுத்து வந்திருந்தீர்கள். அந்த அலுவலகத்தின் வரலாற்றில் எதிர்மனுதாரர் மனுதாரருக்கு ஊறுகாய் பரிமாறியது இதுதான் முதல் முறை என்று அங்கிருந்த ப்யூன் ரோஷினியிடம் சொன்னாராம்.

அன்புடன்,
சுலோ


வெள்ளானூர்
2.9.2025

அன்புள்ள சுலோவுக்கு,

பொருள்: சாய்தளம் – பணி நிறைவு – வீடு திரும்பக் கோருதல் – தொடர்பாக.

ஆணை கொடுத்த கெடுவுக்கு வெகு முன்னதாகவே வேலையை முடித்துவிட்டோம். சிமெண்ட் இல்லை, முழுக்க கிரானைட். பளபளவென்று முகம் பார்க்கலாம். யாருடைய கார் இடமும் போகாமல், படிக்கட்டின் பாதி அகலத்திலேயே நேராக இறக்கியிருக்கிறோம். துலுக்கானம் தன் சைக்கிளை ஓட்டிப் பார்த்துவிட்டு, "சூப்பரா கீது சார், ஒரே மூச்சுல ஏறிக்கிச்சு" என்றான்.

நேற்று சின்னதாக ஒரு திறப்பு விழா வைத்தோம். ராகவன் ரிப்பன் வெட்டினார். பிள்ளையார் சன்னதியில் தேங்காய் உடைத்து எல்லோருக்கும் கேசரி கொடுத்தோம். உன் பெயரைக் கல்லில் வெட்டியிருக்கிறோம். புகைப்படத்தை ரோஷினி போனுக்கு அனுப்பச் சொல்லியிருக்கிறேன். இனி உனக்கு ஒரு மனக்குறையும் இருக்காது. எந்த நாள் வருகிறாய் என்று எழுது, மாலை வாங்கி வைக்கிறேன்.

ஆவலுடன்,
ஜெயராமன்


அண்ணனூர்
6.9.2025

அன்புள்ள ரோஷினி அப்பாவுக்கு,

படம் பார்த்தேன். ரோஷினி பெரிதாக்கிக் காட்டினாள். கல்லில் வெட்டியிருப்பதை அப்படியே எழுதுகிறேன்: "இச்சாய்தளம் திருமதி சுலோசனா ஜெயராமன் அவர்களின் நலன் கருதி அமைக்கப்பட்டது. உபயம்: குடியிருப்போர் நலச் சங்கம். தலைவர் ராகவன். செயலாளர் ஜெயராமன்."

எனக்கு அழுகை வந்துவிட்டது. சந்தோஷத்தில் இல்லை.

நம் ஊர் வழக்கம் எனக்குத் தெரியும். பிள்ளையார் சன்னதியில் மின்விசிறி வாங்கி மாட்டினால் மூன்று இறக்கையிலும் உபயம் என்று எழுதுவோம். அது சாமிக்குக் கொடுப்பது, எழுதிக்கொள்ளட்டும். எனக்கு நீங்கள் யாரும் உபயம் செய்ய வேண்டாம். அந்தப் படிக்கட்டைக் கட்டியபோது "கால் உள்ளவர்களின் நலன் கருதி, உபயம்" என்று யாராவது கல் வைத்தார்களா? உங்கள் எல்லோருக்கும் படி எப்படியோ எனக்குச் சாய்தளம் அப்படி. இதைத்தானே அந்த அதிகாரி அன்று முழுக்கச் சொன்னார். நீங்கள் கோடு போட்டுக் குறித்துக்கொண்டீர்களே.

வருகிறவர் போகிறவர் எல்லாம் வாசலில் என் பெயரைப் படித்துவிட்டு, யார் இந்தப் பாவப்பட்ட அம்மா என்று கேட்பார்கள். தூக்கிக்கொண்டு போனதாவது போய்ச் சேர்ந்ததும் முடிந்துவிடும். கல்வெட்டு எனக்குப் பிறகும் நிற்கும்.

தவிர, படத்தில் அது சாய்தளம் மாதிரியே இல்லை. வீட்டு வாசலில் ஸ்கூட்டர் ஏற்றப் போடும் சரிவு மாதிரி இருக்கிறது. சைக்கிள் ஏறும், நான் ஏற மாட்டேன். ஆய்வுக்கு வரும்போது அவர்கள் சொல்லட்டும். அதுவரை மாலை வாங்காதீர்கள், வாடிவிடும்.

கேசரியில் முந்திரி போட்டார்களா?

சுலோ


வெள்ளானூர்
19.9.2025

அன்புள்ள சுலோ,

உன் கடிதம் வந்த அன்று எனக்குக் கோபம் வந்தது. நல்லது செய்யப் போய்ப் பேச்சு வாங்குகிறோம் என்று நினைத்தேன். பதில் எழுதி, கிழித்துப் போட்டேன். இது வேறு கடிதம்.

இந்தத் திங்கட்கிழமை ஆய்வு. அதிகாரி கிருஷ்ணப்பிரியா வந்தார். கையில் டேப், வண்டியில் ஒரு சக்கர நாற்காலி. சாய்தளத்தை அளந்து குறித்துக்கொண்டார். கல்லையும் படித்தார். பிறகு நாற்காலியை இறக்கச் சொல்லி, "செயலாளர் சார், நீங்களே ஒரு தடவை ஏறிக் காட்டுங்கள்" என்றார்.

நான் உட்கார்ந்தேன். பிளாக் முழுக்க பால்கனியில் நிற்கிறது. சக்கரத்தைத் தள்ளினேன். முதல் அடி ஏறியது. அதற்கு மேல் கை வழுக்குகிறது, கல்லும் வழுக்குகிறது, முன் சக்கரம் அந்தரத்தில் எழும்புகிறது. எனக்குத் தெரிந்ததெல்லாம் மேல்கூரை ஒன்றுதான். பின்னால் துலுக்கானம், "சார், பயப்படாத, நான் புட்ச்சிகினு கீறேன். ஆனா ரொம்ப நேரம் தாங்காது சார், வயித்துல தையல் கீது" என்கிறான். இறங்கவும் முடியாது, ஏறவும் முடியாது. கைப்பிடியை எட்டிப் பிடிக்கலாம் என்றால் அதைப் போடவே இல்லை. அழகு கெடும் என்று நான்தான் வேண்டாம் என்றேன்.

ராகவன், "பசங்களைக் கூப்பிடுங்க, தூக்கிடலாம்" என்றார். வினோத்தும் இன்னும் இரண்டு பேரும் ஓடிவந்தார்கள். என்னைக் கேட்கவில்லை. ஒருவன் சக்கரத்தைப் பிடித்தான், ஒருவன் என் தொடையைப் பிடித்தான். என் வேட்டி விலகியது, அதைச் சரிசெய்யக் கை இல்லை, இரண்டு கையும் நாற்காலியை இறுக்கிக்கொண்டிருந்தன. மேலே கொண்டுபோய் வைத்ததும் பால்கனியில் எல்லோரும் கை தட்டினார்கள். வினோத், "பரவாயில்லை அங்கிள்" என்றான்.

அந்தக் கைதட்டல் எனக்குப் பிடிக்கவில்லை சுலோ. எழுந்து மாடிக்கு வந்துவிட்டேன். பொன்னியம்மா, "இன்னா சார், மூஞ்சி இப்டி கீது" என்று கேட்டாள். நேராகப் போய் உன் கட்டிலில் உட்கார்ந்தேன்.

விதிப்படி இல்லை, இடித்துவிட்டு இன்னும் இரண்டு மாதத்துக்குள் மறுபடி கட்ட வேண்டும் என்று எழுதிக் கொடுத்துவிட்டுப் போனார் அந்த அம்மா. முப்பத்தாறு அடி நீளம் வேண்டும், நடுவில் ஒரு திருப்பம். நம் கார் நிற்கும் இடம் முழுதும் போகிறது, ராகவன் இடத்தில் ஒரு முழம் போகிறது. பொதுக்குழுவைக் கூட்ட வேண்டும் என்று அவர் குதித்தார். ஆணை வந்த பிறகு பொதுக்குழு கூடிக் கேசரிதான் சாப்பிடலாம், வேறொன்றும் செய்ய முடியாது என்று நானே அவருக்கு எழுத்துப்பூர்வமாகத் தெரிவித்தேன். ஆணையின் பக்கம், பத்தி எல்லாம் குறிப்பிட்டு. இரண்டு நாள் அந்தக் கடிதத்தைக் கையில் வைத்துக்கொண்டு அலைந்தார். பிறகு தன் காரைக் கொஞ்சம் தள்ளி நிறுத்த ஒத்துக்கொண்டார்.

நம் காரை நிர்மல் வந்து எடுத்துப் போகட்டும். ஞாயிற்றுக்கிழமைகளில் அதைத் துடைப்பதைத் தவிர நான் வேறென்ன செய்தேன்.

கேசரியில் முந்திரி இல்லை.

உன்,
ஜெயராமன்


அண்ணனூர்
23.9.2025

என் அன்புள்ள ரோஷினி அப்பாவுக்கு,

கடிதத்தை ரோஷினிக்குப் படித்துக் காட்ட ஆரம்பித்தேன். வேட்டி விலகிய இடம் வரை சிரித்துக்கொண்டே படித்தேன். அதற்கு மேல் சத்தமாகப் படிக்க முடியவில்லை. கையில் வாங்கி அவளே படித்தாள்.

உங்களுக்கு அடி ஒன்றும் படவில்லையே? முதுகு பிடித்திருந்தால் அலமாரியில் பச்சை மூடித் தைலம் இருக்கிறது, பொன்னியம்மாவைச் சூடாக ஒத்தடம் கொடுக்கச் சொல்லுங்கள். கைதட்டல் பிடிக்கவில்லை என்று எழுதியிருந்தீர்கள். அந்த ஒரு வரி எனக்குப் போதும். நான் இத்தனை நாள் சொல்லத் தெரியாமல் திணறியது அதுதான்.

கார் வந்துவிட்டது. நிர்மல் இப்போதே அதில் தேவையில்லாத ஒரு பாட்டுப் பெட்டியை மாட்டிவிட்டார். நீங்கள் பார்க்காமல் இருப்பது நல்லது.

வேலை முடியட்டும், வருகிறேன். ஆனால் இரண்டு நிபந்தனை. கல்வெட்டு இருக்கக் கூடாது. திறப்பு விழா, மாலை, ரிப்பன், ஆரத்தி எதுவும் இருக்கக் கூடாது. கடைக்குப் போய்விட்டு வருகிற மாதிரி வருவேன். எந்த நாள் என்று சொல்ல மாட்டேன்.

அன்புடன்,
உங்கள் சுலோ


வெள்ளானூர்
9.11.2025

அன்புள்ள சுலோ,

நம் வீட்டில் நீ இல்லாமல் தீபாவளியும் போய்விட்டது. அண்ணனூருக்கு வந்து உன்னோடு சாப்பிட்டது ஒரு தீபாவளிதான் என்றாலும், திரும்பி வந்து கதவைத் திறந்தபோது வீடு இருட்டாக இருந்தது.

சாய்தளம் முடிந்தது. கிரானைட் இல்லை, சொரசொரப்பான சிமெண்ட் தரை. இரண்டு பக்கமும் கைப்பிடி, உன் உயரத்துக்கு ஒன்று, நிற்கிறவர்களுக்கு ஒன்று. மழையில் அதில் நடந்து பார்த்தேன், வழுக்கவில்லை. நாற்காலி வாடகைக்கு எடுத்து உட்கார்ந்தும் பார்த்தேன். இந்த முறை தனியாக, யாரும் இல்லாத நேரத்தில். மூச்சு வாங்குகிறது, ஆனால் ஏற முடிகிறது. இரண்டாம் மாடி சபீனா கேட்காமலேயே குழந்தை வண்டியை அதில் தள்ளிக்கொண்டு போகிறாள். யாரும் யாருக்கும் நன்றி சொல்லவில்லை. அதைப் பார்க்க நன்றாக இருக்கிறது.

அதிகாரி வந்து அளந்து பார்த்துச் சரி என்று எழுதிவிட்டார். உன்னிடமும் கேட்டு எழுதுவார்களாம், நீ திருப்தி என்று சொன்னால்தான் புகார் முடியுமாம்.

கல்லை எங்கே போடுவது என்று தெரியவில்லை. துலுக்கானம்தான் மோட்டார் ரூமில் தண்ணீர் தேங்கும் இடத்தில் குப்புறப் போட்டான். "எளுத்து கீள பாத்துகினு கெடக்கட்டும் சார்" என்றான். முறைப்பட்டியலையும் பலகையிலிருந்து எடுத்துவிட்டேன்.

எந்த நாள் என்று நான் கேட்கவில்லை. தினமும் ஐந்து மணிக்குத் தபால் பெட்டியைத் திறந்து பார்க்கிறேன். சாவியை அதே ஆணியில்தான் மாட்டுகிறேன்.

உன்,
ஜெயராமன்


வெள்ளானூர்
24.11.2025

பெறுநர்: செயலாளர், குடியிருப்போர் நலச் சங்கம்.

பொருள்: லிஃப்ட் வாசலில் உள்ள சின்ன மேடு – சரிசெய்யக் கோருதல் – தொடர்பாக.

அன்புள்ள ரோஷினி அப்பாவுக்கு,

நான் வீட்டுக்கு வந்து நான்கு நாள் ஆகிறது. ஒரே வீட்டில் இருந்துகொண்டு என்ன கடிதம் என்று கேட்பீர்கள். வாயால் சொன்னால் கமிட்டிக்குப் போகாது, அதனால்தான்.

வந்த அன்று நான் சாய்தளத்தில் ஏறியபோது நீங்கள் பின்னால் இரண்டு கையையும் நீட்டிக்கொண்டே வந்தீர்கள். தொடவில்லை, ஆனால் நீட்டிக்கொண்டே வந்தீர்கள். நான் பார்க்கவில்லை என்று நினைத்தீர்கள், லிஃப்ட் கதவில் தெரிந்தது. மறுநாளும் அப்படித்தான். அதனால் இன்னும் சரிபார்க்காத ஒன்று பாக்கி இருந்தது.

புகாரை முடித்துக்கொள்ளலாமா என்று ஆணையர் அலுவலகத்திலிருந்து கேட்டு வந்திருந்தது அல்லவா? சரிபார்க்காமல் எப்படிப் பதில் எழுதுவது? இன்று மதியம் நீங்கள் பேப்பரை முகத்தில் போட்டுக்கொண்டு தூங்கியதும் கிளம்பினேன். லிஃப்டில் இறங்கி, சாய்தளத்தில் இறங்கி, கேட்டைத் தாண்டி, மாவு மில் பக்கத்துச் சிவப்புப் பெட்டி வரை போனேன். தெரு மேடு பள்ளமாக இருக்கிறது, அதை ஊராட்சிக்கு எழுத வேண்டும். துலுக்கானம் ஓடிவந்து, "இன்னாம்மா, தனியாவா?" என்று கேட்டான். "ஆமா, தனியாதான்" என்றேன். அவன் மறுபடி போய் ஸ்டூலில் உட்கார்ந்துகொண்டான். அவன் அப்படி உட்கார்ந்தது எனக்கு எவ்வளவு சந்தோஷமாக இருந்தது தெரியுமா.

பெட்டிக்குப் பக்கத்திலேயே பேனாவை எடுத்து, "திருப்தி" என்று எழுதி, கையெழுத்துப் போட்டு, ஆணையர் அலுவலகத்துக்கான உறையை உள்ளே போட்டேன். திரும்பி வரும் வழியில் மல்லி வாங்கினேன். மேலே வந்தபோதும் நீங்கள் தூங்கிக்கொண்டிருந்தீர்கள்.

லிஃப்டுக்குள் நுழையும் இடத்தில் மட்டும் விரல் கனத்துக்கு ஒரு மேடு இருக்கிறது. வேகமாகத் தள்ளினால் ஏறிவிடுகிறது. இருந்தாலும் சங்கம் அதைப் பூசிச் சமன் செய்ய வேண்டும். "பரிசீலனையில் உள்ளது" என்று பதில் வந்தால் மேலே எழுதுவேன்.

இதில் தபால்தலை ஒட்டவில்லை. சிவப்பு நூல் சாவியை நீங்கள் எடுக்கும் நேரம் வருவதற்குள் இன்னொரு தடவை இறங்கிப் போய் நம் பெட்டியில் இதைப் போட்டுவிட்டு வரப் போகிறேன். ஒரே மதியத்தில் இரண்டு தடவை, யாரையும் கேட்காமல்.

படித்து முடித்ததும் மேலே வாருங்கள். காபி போட்டு வைத்திருப்பேன்.

உங்கள்,
சுலோ